வேறொருவர் வீட்டுச் சுவரில் என் முகம்

அன்புள்ள பிரபு,

உன் ஸ்டுடியோவிலிருந்து நான் கையெழுத்துப் போடாமல் எழுந்து வந்த நாளிலிருந்து நீ என்னிடம் பேசுவதில்லை. அம்மாவுக்கு மட்டும் வாட்ஸ்அப்பில் "சாப்டியா" என்று அனுப்புகிறாய். உன் கோபம் எனக்குப் புரிகிறது. என்னைப் பற்றி உன் முதலாளியிடம் எவ்வளவு பெருமையாகச் சொல்லி வைத்திருந்தாய் என்று அன்றைக்குத்தான் தெரிந்தது. கேமராக் கூண்டுக்குள் என்னை உட்கார வைத்தபோது என் சட்டைக் காலரை நீயே சரி செய்தாய். சிரிங்க சார், அழுங்க சார், முறைச்சிப் பாருங்க சார் என்று அந்தப் பெண் சொல்லச் சொல்ல எல்லாம் செய்தேன். அதுவரை எனக்கு ஒன்றும் தோன்றவில்லை. நடிப்பதற்குத்தானே போனேன்.

அப்புறம் திரையில் காட்டினாய். கழுத்துக்குக் கீழே ஒன்றுமில்லாத என் முகம் இருட்டில் மிதந்துகொண்டிருந்தது. கண்ணைத் திறந்தது. இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் பார்த்தது. பிறகு என் குரலில், "நான் இங்கதாம்பா இருக்கேன், எங்கயும் போகல" என்றது. அந்த வார்த்தைகளை நான் அன்று சொல்லவில்லை. உன்னிடம் என்றைக்குமே சொன்னதாக நினைவில்லை. நீ சின்னப் பிள்ளை மாதிரி கை தட்டினாய். "அப்பா, இனிமே உங்களுக்கு வயசே கெடையாது. நீங்க இல்லைன்னாலும் நடிச்சிக்கிட்டே இருப்பீங்க" என்றாய். நான் தண்ணீர் கேட்டேன். நீ கொண்டு வருவதற்குள் அந்த முகம் என்னைப் பார்த்து ஒருதரம் கண் சிமிட்டியது. எல்லோருக்கும் அப்படித்தான் சிமிட்டும் என்று எனக்கும் தெரியும். இருந்தாலும் வெளியே வந்துவிட்டேன்.

என் முகத்தையும் குரலையும் உங்கள் கம்பெனிக்கு எழுதிக் கொடுக்கும் அந்த ஒப்பந்தத்தில் நான் கையெழுத்துப் போடப் போவதில்லை. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், கடைசிவரை உன்னைக் காத்திருக்க வைக்க வேண்டாம். காரணத்தை நேரில் சொல்லப் பார்த்தால் நீ நடுவில் பேசுவாய், நான் குரலை உயர்த்துவேன். அதனால் எழுதுகிறேன். போன வருஷம் நீ ஹைதராபாத்தில் இருந்தபோது நடந்த விஷயம் இது. "அவன்கிட்ட சொல்லாதீங்க, பயந்துக்குவான்" என்றாள் அம்மா. தாடி வளர்த்துக்கொண்டு முப்பதை நெருங்கும் உன்னைத்தான் சொன்னாள்.

நான் நடிகனான கதை உனக்குத் தெரியும் என்றாலும் ஒரு பகுதியை நீ மறந்திருப்பாய். ராணுவத்தில் சிக்னல் பிரிவில் ஹவில்தாராக ஓய்வு பெற்று, ஈஜிபுராவில் இரண்டு அறை வீடு எடுத்து, ஒரு பெரிய கட்டடத்தில் செக்யூரிட்டி சூப்பர்வைசராக இருந்தேன். அங்கே ஒரு கன்னட சீரியல் படப்பிடிப்பு நடந்தது. மேஜர் வேஷம் போட்டவர் ஈ ஓட்டுவதுபோல சல்யூட் அடித்தார். பார்த்துக்கொண்டிருக்க முடியவில்லை, போய்த் திருத்தினேன். டைரக்டர் என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு, "நாளைக்கு நீங்களே பண்ணிடுங்க" என்றார். அன்றிலிருந்து இன்ஸ்பெக்டர், ஜட்ஜ், பெண்ணின் அப்பா, ஆபரேஷன் தியேட்டரிலிருந்து வெளியே வந்து தலையை ஆட்டுகிற டாக்டர் என்று எதையும் விட்டதில்லை. பெரிய நடிகன் இல்லை. ஆனால் கூப்பிட்ட நேரத்துக்கு முன்னால் போய் நிற்பேன், காத்திருக்கச் சொன்னால் முகம் சுளிக்காமல் காத்திருப்பேன், நாற்காலியில் தூங்கினாலும் "ரெடி" என்ற சத்தம் கேட்டால் எழுந்துவிடுவேன். இதையெல்லாம் ராணுவம் கற்றுக்கொடுத்தது. இத்தனை வருஷம் என் பிழைப்பு ஓடியது அதனால்தான்.

கன்னடம் அப்போது எனக்கு நாக்கில் நிற்காது. உள்ளங்கையில் தமிழ் எழுத்தில் வசனத்தை எழுதிக்கொண்டு வாயை அசைப்பேன். வேறொருவர் குரல் கொடுப்பார். முதல் எபிசோடு வந்த அன்று பக்கத்து வீட்டார் எல்லாம் நம் வீட்டு டி.வி. முன்னால் கூடியிருந்தார்கள். நான் திரையில் வந்ததும் எல்லோரும் கை தட்டினார்கள். நீ மட்டும் அலறிக்கொண்டு அம்மாவின் முந்தானைக்குள் புகுந்தாய். "அப்பா வாயில வேற யாரோ பேசறாங்க" என்று அழுதாய். நான் பக்கத்தில் உட்கார்ந்து தொட்டும் நீ நம்பவில்லை. அன்று எல்லோரும் சிரித்தோம். உன் ஸ்டுடியோவில் என் முகம் பேசியபோது அந்த அழுகைதான் எனக்குக் காதில் கேட்டது. உனக்குக் கேட்கவில்லை என்பதுதான் எனக்கு ஆச்சரியம்.

அதற்கு அடுத்து வந்த வேஷம், எல்லை காக்கப் போய் இறந்துபோன ஒரு குடும்பத் தலைவர். ஆனேக்கல் பக்கம் ஒரு பழைய ஓட்டு வீட்டின் முன்கட்டை யூனிட் வாடகைக்கு எடுத்திருந்தது. எனக்கு அங்கே வேலை குறைவு. இரண்டொரு நினைவுக் காட்சிகள். மற்றபடி யூனிஃபார்மில் என்னை ஒரு போட்டோ எடுத்துப் பெரிதாக்கி, சந்தன மாலை போட்டு, கூடத்துச் சுவரில் மாட்டிவிட்டார்கள். சீரியல் ஓடிய காலம் முழுக்க அந்தப் போட்டோதான் நடித்தது. மருமகள்கள் அதன் முன்னால் நின்று அழுதார்கள். சேனலில் ஏதோ தகராறு வந்து சீரியல் சட்டென்று நின்றது. யூனிட் லைட்டையும் திரைச்சீலையையும் வண்டியில் ஏற்றிக்கொண்டு போனது. போட்டோவை யாரும் நினைக்கவில்லை. நானும் நினைக்கவில்லை.

போன வருஷம் ஹெப்பகோடியில் ஒரு படப்பிடிப்பு. டீக்கடை ஓரமாக ஒரு பெண் நின்று என்னைப் பார்த்துக்கொண்டிருந்தாள். வேடிக்கை பார்ப்பவர்கள் போனைத் தூக்கிப் பிடிப்பார்கள், சிரிப்பார்கள், செல்ஃபி கேட்பார்கள். இவள் ஒன்றும் செய்யவில்லை. கழுத்தில் கம்பெனி அடையாள அட்டையோடு, கைகளைக் கட்டிக்கொண்டு, என் காதையும் நெற்றியையும் அளப்பதுபோலப் பார்த்தாள். சில நாள் கழித்து நம் தெரு முனையில், இஸ்திரி வண்டிக்குப் பக்கத்தில் அதே பெண். பிறகு நான் காய்கறி வாங்கித் திரும்பும்போது எதிரே. நான் நடந்தால் அவள் நடந்தாள், நான் நின்றால் நின்றாள். எல்லையில் ராத்திரிக் காவலில் நின்றவன், பட்டப்பகலில் ஒரு சின்னப் பெண்ணுக்குப் பயந்து வேகமாக நடந்து வீட்டுக்குள் போய்த் தாழ்ப்பாள் போட்டேன். அம்மா சிரித்தாள். "ஃபேன் யாராவது இருப்பாங்க. உங்களுக்கும் ஒரு ஃபேன் வேணாமா?"

அடுத்த ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் அந்தப் பெண் கதவைத் தட்டினாள். அம்மாதான் திறந்தாள்.

"ஆன்ட்டி, இவரு உங்களுக்கு என்ன வேணும்?" என்று என்னைக் காட்டிக் கேட்டாள்.

"என்ன கேள்வி இது? என் வீட்டுக்காரர்."

அவள் போனைத் திறந்து நீட்டினாள். அம்மா கண்ணாடியைத் தேடிப் போட்டுக்கொண்டு பார்த்தாள். அம்மாவின் முகம் வெளிறுவதை நான் பார்த்தேன். நான் வாங்கிப் பார்த்தபோது, யாரோ ஒருவர் வீட்டுக் கூடத்தில், மாலை போட்டு, நெற்றியில் குங்குமம் வைத்து, கீழே விளக்கு எரிய, நான் இருந்தேன்.

"இவரு எங்கப்பா," என்றாள் அந்தப் பெண். "நான் குழந்தையா இருக்கிறப்ப பனியில காணாம போயிட்டாருன்னு அம்மா சொன்னாங்க. பாடி கெடைக்கலன்னு சொன்னாங்க. நான் தினமும் இந்தப் போட்டோவுக்குக் கும்பிட்டுட்டுத்தான் ஸ்கூலுக்குப் போவேன். ஒருநாள் ஃப்ரெண்டு வீட்டு டி.வி.யில இவரு ஜட்ஜா உக்காந்திருக்காரு. வீட்டுக்கு ஓடிப்போய்க் கேட்டேன். அது யாரோ நடிகர், ஜாடை இருக்குன்னாங்க. நீங்களே சொல்லுங்க சார். எங்களை விட்டுட்டு ஓடிவந்து பேரை மாத்திக்கிட்டீங்களா? சாகவே இல்லையா நீங்க?"

பவானி என்பது அவள் பெயர். கத்தவில்லை, அழவில்லை. பல வருஷம் மனசுக்குள் சொல்லிப் பார்த்த வசனத்தைச் சொல்பவள் போலச் சொன்னாள். நான் ஆனேக்கல் சீரியலைப் பற்றிச் சொன்னேன். நம்பினாளா என்று தெரியவில்லை. நடிக்கத் தெரிந்தவன் சொல்வதை எப்படி நம்புவது என்று அவள் கண் கேட்டது. நியாயமாகச் சொன்னால், உன் அம்மாவின் கண்ணும் ஒரு நொடி அதையே கேட்டது. அப்புறம் அம்மா வேறு எதையோ நினைத்துக்கொண்டவள்போல, "உயிரோட இருக்கிற மனுஷனுக்கா இத்தன வருஷமா விளக்கேத்தினீங்க?" என்றாள். உடனே, "நாளைக்கே அங்க போறோம். நானும் வரேன்" என்றாள்.

மறுநாள் பவானி முன்னால் ஸ்கூட்டரில் போனாள். நாங்கள் ஆனேக்கல் பஸ்ஸில் ஏறினோம். கூட்டமில்லை. கண்டக்டர் அம்மாவின் ஆதாரைப் பார்த்து பெண்களுக்கான இலவச டிக்கெட் கொடுத்துவிட்டு, என் கையில் இரண்டு டிக்கெட்டுகளைத் திணித்தார்.

"எதுக்குப்பா ரெண்டு?"

"ஒந்து நிமகே, இன்னொந்து ஹிந்தே கூத்திரோரிகே," என்றார். உங்களுக்கு ஒன்று, பின்னால் உட்கார்ந்திருப்பவருக்கு ஒன்று.

திரும்பிப் பார்த்தேன். பின்சீட்டு காலியாக இருந்தது. கண்டக்டரும் பார்த்தார். "ஈகலே இத்ரல்லா" என்று, இப்போதுதானே இருந்தார் என்று முணுமுணுத்துக்கொண்டு ஒரு டிக்கெட்டைத் திரும்ப வாங்கிக்கொண்டார். கண்டக்டர்கள் எத்தனையோ முகம் பார்க்கிறார்கள், குழம்புவார்கள். அம்மா என் கையைப் பிடித்தவள் இறங்கும்வரை விடவில்லை.

வீடு மாறவில்லை. அம்மா வாசலில் பவானியோடு நின்றுவிட்டாள், நான் முதலில் உள்ளே போனேன். கூடத்தில் என் போட்டோ. விளக்குப் புகை ஏறி ஏறி யூனிஃபார்ம் கறுத்திருந்தது. முகத்தை மட்டும் தினமும் துடைத்திருக்கிறார்கள், அது பளபளவென்று இருந்தது. அந்த முகத்துக்கு வயது நாற்பதுதான். அது அந்த வீட்டில் உரிமையோடு இருந்தது. நான்தான் அதன் முன்னால் விலாசம் தவறி வந்தவன்போல நின்றேன்.

உள்ளேயிருந்து சரோஜாம்மா, பவானியின் தாயார், வந்தார். நெற்றியில் பெரிய பொட்டு, கழுத்தில் தாலி. என்னைப் பார்த்துத் திடுக்கிடவில்லை. முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு, "வந்துட்டீங்களா? கை கால் கழுவிட்டு வாங்க, சாப்பாடு ஆயிடும்" என்றார்.

பிரபு, நான் போனேன். சமையலறை ஓரமாக ஒரு குறுகலான நடை, அதைத் தாண்டிப் பின்கட்டு, துணி துவைக்கும் கல்லுக்கு மறைவில் குழாய். நேராகப் போய் அந்தக் குழாயைத் திறந்து கால் கழுவினேன். திரும்பி வந்து அங்கிருந்த மர நாற்காலியில் உட்கார்ந்தேன். நான் எப்போதும் உட்காரும் விதத்தில் இல்லை. ஒரு காலை மடித்து மேலே வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். அம்மா நிலைப்படியில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். "என்னங்க, எழுந்திருங்க" என்றாள். பிறகு நம் வீட்டில் வைத்துக் கேட்டாள், குழாய் எங்கே இருக்கிறது என்று உங்களுக்கு யார் சொன்னது என்று. ஷூட்டிங் சமயம் பார்த்திருப்பேன் என்றேன். ஆனால் அப்போது பின்கட்டு பூட்டியிருக்கும். அந்த அம்மாளும் குழந்தையும் அங்கேதான் குடியிருந்தார்கள். எங்களை முன்கட்டைத் தாண்ட விட்டதில்லை.

உன் அம்மாவின் குரல் கேட்டதும் சரோஜாம்மா தூக்கத்திலிருந்து விழித்தவர்போல எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். "உக்காருங்கம்மா" என்றார் மெதுவாக. பவானி அவர் எதிரில் போய் நின்றாள்.

"அம்மா, இன்னிக்காவது சொல்லு. இவரு யாரு?"

"ஷூட்டிங்குக்கு வந்தவரு."

"அப்ப எங்கப்பா?"

சரோஜாம்மா கீழே உட்கார்ந்துவிட்டார். அவர் சொன்னதை அப்படியே எழுதுகிறேன். "உங்கப்பா போட்டோ எல்லாம் தகரப் பெட்டியில வெச்சிருந்தேன். ஒரு மழையில ஓடு ஒழுகி எல்லாம் ஒண்ணோட ஒண்ணு ஒட்டிக்கிச்சி. பிரிச்சி எடுத்தா முகமே இல்ல. பென்ஷன் பேப்பர்ல இருந்த சின்னப் போட்டோவுல சீல் மை பூசிக்கிச்சி. அப்பதான் இவங்க காலி பண்ணிட்டுப் போனாங்க. நீ வந்து சுவத்தைக் காட்டி, அதுதான் அப்பாவான்னு கேட்ட. இல்லன்னு சொல்ல வாய் வரல. நீ கும்பிட்ட. நானும் விளக்கு வெச்சேன். மொதல்ல எனக்கு அவரு முகம் நல்லா ஞாபகம் இருந்துச்சி. இதைப் பாத்துப் பாத்து, எப்ப போச்சின்னே தெரியல. இப்ப கண்ண மூடினா இவருதான் வராரு. கனவுலயும் இவருதான் வராரு. நான் என் புருஷனக் கூப்பிட்டா இவரு திரும்பிப் பாக்கறாரு. முனிராஜ் எப்படி இருப்பாருன்னே எனக்குத் தெரியலம்மா."

என் தலைக்கு மேலே அந்தப் போட்டோ இருக்கிறது என்ற உணர்வு எனக்குக் கழுத்தில் உறைத்தது. நான் ஊரில் உறங்கிக்கொண்டிருந்த நாளெல்லாம் இங்கே, முன்பின் தெரியாத ஒரு பெண்ணின் கனவுக்குள் போய், அவள் புருஷனை வெளியே தள்ளிவிட்டு, அவர் பெயருக்குத் திரும்பிப் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறேன். எனக்கே தெரியாமல்.

சரோஜாம்மாவின் கணவர் ராணுவத்தில் வண்டி ஓட்டியவர். பனிச்சரிவில் வண்டியோடு போனவர். தந்தி வந்தது, பிறகு தபால்கள் வந்தன. நேரில் வந்து யாரும் சொல்லவில்லை. அதனால் சரோஜாம்மா காரியம் செய்யவில்லை, தாலியைக் கழற்றவில்லை. பவானியோ, அப்பா ஓடிப்போயிருந்தால் உயிரோடாவது இருப்பார் என்ற நினைப்பையும் அன்று சேர்த்து இழந்துகொண்டிருந்தாள். அவர் ஓடவில்லை என்பதில் அவள் முகம் தெளிந்தது. அவர் இல்லை என்பதில் அதே முகம் உடைந்தது.

நான் எழுந்து நின்றேன். சர்வீஸில் சில வீடுகளுக்கு இப்படிச் சேதி சொல்லப் போயிருக்கிறேன். சுற்றி வளைக்கக் கூடாது. "அம்மா, நான் நடிகனா பேசல. நானும் அந்த மாதிரிப் பனியில இருந்தவன், காணாம போனவங்களத் தேடப் போனவன். முடிஞ்ச மட்டும் தோண்டுவோம். கெடைக்காதவங்க கெடைக்கறதில்ல. முனிராஜ் டியூட்டியில இறந்துட்டாரு. திரும்பி வரமாட்டாரு. இதை அன்னிக்கே ஒருத்தர் உங்க முன்னாடி நின்னு சொல்லியிருக்கணும்," என்றேன். சரோஜாம்மா வாயைப் பொத்திக்கொண்டு அழுதார். உன் அம்மா போய் அவர் பக்கத்தில் உட்கார்ந்து அவரைத் தன் மேல் சாய்த்துக்கொண்டாள்.

போட்டோவைக் கழற்ற நான் கை தூக்கினேன். "நீங்க தொடாதீங்க" என்றார் சரோஜாம்மா. அவரே ஸ்டூல் போட்டு ஏறிக் கழற்றினார். மாலையை எடுத்தார், குங்குமத்தை ஈரத் துணியால் துடைத்தார், மகளிடம் கொடுத்துக் கண்ணாடிச் சட்டத்தைப் பிரிக்கச் சொன்னார். படத்தைச் சுருட்டி என் கையில் கொடுத்துவிட்டு, "உங்க முகத்த நீங்க எடுத்துக்கிட்டுப் போயிடுங்க" என்றார். கோபமாகச் சொல்லவில்லை. வாசல்வரை வந்து வழியனுப்பினார்.

இதுதான் நடந்தது. நீ கேட்பாய், அது பழைய போட்டோ, இது டெக்னாலஜி, இரண்டுக்கும் என்ன சம்பந்தம் என்று. ஒரே ஒரு படம், அசையாதது, பேசாதது, இருபது வருஷத்தில் ஒரு பெண்ணுக்கு அவள் புருஷனை அழித்துவிட்டது. உன்னிடம் இருப்பது அசைகிறது, பேசுகிறது, நான் சொல்லாததையெல்லாம் சொல்கிறது. நான் போன பிறகு உனக்கு ஏக்கம் வரும் நாளில் அதைத் திறப்பாய். "எங்கயும் போகல" என்று அது சொல்லும். உனக்கு இதமாக இருக்கும். மறுநாளும் திறப்பாய். நான் உன்னிடம் அப்படியெல்லாம் இதமாகப் பேசிய அப்பா இல்லை. பத்தாவதில் நீ கணக்கில் கோட்டைவிட்டபோது நான் போட்ட சத்தம் தெருவுக்கே கேட்டது. நீ வேலை கிடைத்துக் கிளம்பிய அன்று, பஸ் ஸ்டாண்டில் சொல்ல ஒன்றும் தோன்றாமல் உன் பையின் ஜிப்பை இரண்டு தரம் இழுத்து இழுத்து மூடினேன். அந்த ஆளை அது மெல்ல மெல்ல வெளியே தள்ளிவிடும். எனக்கு அவன் பெரிய ஆள் இல்லை, ஆனால் உனக்கு அப்பா அவன்தான். என் இடத்தில் நீ ஒரு நடிகனை வைத்துக்கொள்ள வேண்டாம். ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்கு வா. பேசாவிட்டாலும் பரவாயில்லை, எதிரில் உட்கார்ந்து சாப்பிட்டுவிட்டுப் போ.

இன்னும் ஒன்று சொல்லவில்லை. அந்தக் குடும்பம் ஒரு நல்ல நாள் பார்த்து முனிராஜுக்குக் காரியம் செய்தது. நாங்கள் போகவில்லை, நான் அங்கே இருக்கக் கூடாது என்று எங்கள் இருவருக்குமே தோன்றியது. அதற்கப்புறம் மழைக்காலம் முடியும் சமயம், ஒரு காலை, நான் பேப்பர் படித்துக்கொண்டிருந்தபோது சரோஜாம்மா போன் செய்தார். குரலில் ஒரு சின்னப் பெண்ணின் பரபரப்பு.

"அவரு வந்தாருங்க," என்றார். "கனவுல வந்தாரு. அவரோட சொந்த முகம். நல்ல கறுப்பு, முன்பல்லு கொஞ்சம் தூக்கலா இருக்கும், மறந்தே போயிட்டேன் பாருங்க. உங்க ஜாடை துளிகூட இல்ல. வந்து நாற்காலியில உக்காந்தாரு, வீட்டச் சுத்திப் பாத்தாரு. அப்புறம் என்னப் பாத்து, ‘இத்தன நாளா என் இடத்துல இருந்தது யாரு’ன்னு கேட்டாரு."

"நீங்க என்னம்மா சொன்னீங்க?"

"நல்ல மனுஷன்தான், தெரியாம வந்துட்டாரு, இப்ப அவங்க வீட்டுக்குப் போயிட்டாருன்னு சொன்னேன்."

"அதுக்கு அவரு?"

"சிரிச்சாரு," என்றார் சரோஜாம்மா.

போனை வைத்தேன். அம்மா சமையலறையிலிருந்து எட்டிப் பார்த்து, "யாருங்க?" என்றாள்.

"பவானியோட அப்பா வீட்டுக்கு வந்துட்டாராம்" என்றேன்.

உன் அப்பா